தாய்மை ஓமோனும் பசியும்



பொன்னை வாரி வழங்கினாலும் வாங்குவோன் "போதும்" என்று சொல்வதில்லை; நிலத்தை அளந்து கொடுத்தாலும் இன்னும் ஒரு முழம் கிடைக்குமா என்றே அவன் மனம் எண்ணும். இலையில் இட்ட சோறு ஒன்றே உண்பவன் வாயிலிருந்து "போதும், போதும்" என்னும் சொல்லைத் தானாக வரவழைக்கும் என்று நம் பெரியோர் கூறுவர். அன்னதானத்தின் பெருமையை உணர்த்த எழுந்த இவ்வழக்கில் உடலியல் உண்மை ஒன்றும் பொதிந்திருக்கிறது. அந்தப் "போதும்" என்னும் சொல்லை நம் உள்ளிருந்து சொல்வது எது? வயிறா, மூளையா, இரத்தமா? இக்கேள்விக்கு விடை காணப் புகுந்த அறிஞர்கள், முற்றிலும் வேறு காரியத்துக்கு உரியதென்று நெடுங்காலம் கருதப்பட்ட ஓர் ஓமோனையும் சாட்சியாக அழைத்திருக்கின்றனர். அதன் பெயர் ஒட்சிற்றோசின். அது பசியையும் உடல் எடையையும் எவ்வாறு பாதிக்கின்றது என்பதை இன்று ஆராய்வோம்.

ஓமோன் என்பது உடலின் ஓரிடத்திற் சுரந்து, இரத்தத்தின் வழியே சென்று, வேறோர் இடத்தில் வேலை செய்யும் இரசாயனப் பொருளாகும். ஒட்சிற்றோசின், மூளையின் அடிப்புறத்தில் பரிவகக்கீழ் எனப்படும் சிறு பகுதியில் உண்டாகி, கபச்சுரப்பியின் பின்பாகத்தில் தங்கியிருந்து, வேண்டும்போது வெளிவருகின்றது. 1906 ஆம் ஆண்டில் ஹென்றி டேல் என்னும் ஆங்கில அறிஞர், அச்சுரப்பியின் சாறு பூனையின் கருப்பையைச் சுருங்கச் செய்வதைக் கண்டார். 1910 ஆம் ஆண்டில் ஒட், ஸ்கொட் என்னும் இருவர், அதே சாறு ஆட்டின் மடியிலிருந்து பாலை வெளிப்படுத்துவதைக் காட்டினர். விரைவான பிரசவம் என்னும் பொருள்படும் கிரேக்கச் சொல்லே இதற்குப் பெயராயிற்று. ஒன்பது அமினோ அமிலங்கள் கோத்த சிறு சங்கிலி இது என்பதைக் கண்டறிந்து, 1953 ஆம் ஆண்டில் ஆய்வுகூடத்திலேயே அதை ஆக்கிக் காட்டினார் அமெரிக்க அறிஞர் வின்சென்ற் டு வின்யோ. 1955 ஆம் ஆண்டின் இரசாயனத்துக்கான நோபல் பரிசு அவருக்குக் கிடைத்தது.

இவ்வோமோனின் பெயரை அறியாதவர்களும் அதன் செயலை நன்கறிவர். ஹல்துமுல்லைப் பகுதித் தோட்டங்களிலே கொழுந்து பறிக்கும் தாய், மலையிலிருந்து இறங்கிப் பிள்ளைக்காம்பராவை நெருங்கும்போதே, உள்ளே அழும் தன் குழந்தையின் குரல் காதில் விழுகின்றது. குழந்தை மார்பிலே வாய் வைக்குமுன்பே பால் கசிந்து சட்டை நனைகின்றது. செவி கேட்டதை மூளை உணர்ந்து, மூளை ஒட்சிற்றோசினை இரத்தத்தில் விடுத்து, அது பாற்சுரப்பிகளைச் சூழ்ந்த நுண்தசைகளைச் சுருக்கியதனால் வந்த விளைவு அது. அச்சமும் நோவும் கவலையும் மிகுந்திருக்கும்போது இவ்வோமோன் தடைப்படுகின்றது. மார்பிலே பால் இருந்தும் இறங்காது போவதுண்டு.

இனி, பசிக்கும் இதற்கும் உள்ள தொடர்பைப் பார்ப்போம். 1989 ஆம் ஆண்டில் இத்தாலிய ஆய்வாளர் சிலர், ஒட்சிற்றோசின் செலுத்தப்பட்ட எலிகள் வழக்கத்தினும் குறைவாக உண்டன என்று அறிவித்தனர். அதன் பின்னர் வந்த ஆய்வுகளால் இதன் வழி ஓரளவு தெளிவாயிற்று. நாம் உண்ணும்போது இரைப்பை விரிகின்றது. குடலிலிருந்தும் ஓமோன்கள் எழுகின்றன. இச்செய்தியை, கழுத்து வழியே செல்லும் நீண்ட நரம்பொன்று மூளையின் பின்பகுதிக்குக் கொண்டு செல்கின்றது. மறுபுறம், உடற்கொழுப்பிலிருந்து எழும் லெப்ரின் என்னும் ஓமோன், உடலில் இருப்பு எவ்வளவு என்பதைப் பரிவகக்கீழுக்கு அறிவிக்கின்றது. பரிவகக்கீழில் உள்ள ஒட்சிற்றோசின் கலங்கள், இருப்புப் பற்றிய செய்தியை மூளையின் பின்பகுதிக்கு அனுப்பி, அங்கே வந்து சேரும் வயிற்றின் செய்தியை வலுப்படுத்துகின்றன.

தோட்டத்துக் கொழுந்து மடுவத்தை நினைத்துக்கொள்ளுங்கள். அன்றைக்குப் பறித்த கொழுந்தை நிறுப்பவர் ஒருவர். மாதக் கணக்கை எழுதி வைப்பவர் இன்னொருவர். இரண்டையும் பொருத்திப் பார்த்துச் சொல்ல வேண்டியவர் கணக்கப்பிள்ளை. உடலில் அன்றாட நிறுவையைச் செய்வது வயிறும் குடலும். மாதக் கணக்கை வைத்திருப்பது லெப்ரின். இரண்டையும் பொருத்துவதிலே கணக்கப்பிள்ளைக்கு உதவியாக நிற்பது ஒட்சிற்றோசின். உதவியாளர் என்று சொன்னேனேயன்றி அதிகாரி என்று சொல்லவில்லை என்பதை மனத்திற் கொள்ளுங்கள்.

அதன் வேலை உணவின் அளவோடு முடிவதுமில்லை. ஒட்சிற்றோசினோ, அதனை ஏற்கும் வாங்கிகளோ இல்லாதவாறு பிறப்பிக்கப்பட்ட சுண்டெலிகளைப் பற்றிய ஆய்வுகள் 2008, 2009 ஆம் ஆண்டுகளில் வெளிவந்தன. அவ்வெலிகள் மற்றவற்றினும் மிகுதியாக உண்ணவில்லை. ஆயினும் வளர்ந்தபின் கொழுத்தன. உண்பதைக் குறைப்பது மட்டுமன்றி, உண்டதை உடல் செலவிடும் முறையிலும் இவ்வோமோனுக்குப் பங்குண்டு என்பது இதனால் விளங்கும்.

மனிதரிடத்தில் இயற்கையே செய்து காட்டிய ஒரு சோதனையும் உண்டு. 1956 ஆம் ஆண்டில் சுவிற்சலாந்தின் சூரிச் நகர வைத்தியர்கள் விவரித்த பிராடர்–வில்லி நோய் அது. பதினைந்தாம் நிறமூர்த்தத்தில், தந்தை வழி வந்த பகுதி செயலற்றுப் போவதால் இது உண்டாகின்றது. ஏறத்தாழ 15,000 பிறப்புகளுக்கு ஒன்றாகக் காணப்படும் அரிய நோய். இந்நோயுடைய குழந்தை பிறந்தவுடன் துவண்டு, பால் உறிஞ்சவும் வலுவற்றுக் கிடக்கும். சில ஆண்டுகள் கழிந்தபின் நிலைமை தலைகீழாகும். எவ்வளவு உண்டாலும் பசி தீராது. பூட்டிய அலுமாரியிலிருந்தும் உணவைத் தேடி எடுக்கும். 1995 ஆம் ஆண்டில் ஒல்லாந்து ஆய்வாளர்கள், இந்நோயால் இறந்த ஐவரின் மூளைகளைச் சோதித்து, ஒட்சிற்றோசின் கலங்கள் அவற்றில் நூற்றுக்கு ஏறத்தாழ 42 வீதம் குறைந்திருக்கக் கண்டனர். பாடசாலையிலே பிறர் உணவை எடுத்துண்ணும் பிள்ளையைக் கண்டால் பிரம்பைத் தேடுவது நம்மிற் சிலரது வழக்கம். அப்பிள்ளைகளிற் பெரும்பாலோர் காலையில் உண்ணாமல் வந்தவராக இருப்பர். மிக அரிதாக ஒருவர் இத்தகைய நோயாளியாகவும் இருக்கக்கூடும். இரு சாராருக்கும் பிரம்பு மருந்தன்று.

அங்ஙனமாயின், இவ்வோமோனை மருந்தாகக் கொடுத்துப் பருத்த உடலை மெலியச் செய்யலாமே என்று நீங்கள் கேட்கலாம். அறிஞர்களும் அவ்வாறே கேட்டனர். 2015 ஆம் ஆண்டில் அமெரிக்காவின் பொஸ்ரன் நகர ஆய்வாளர்கள், 25 ஆண்களுக்கு இதனை மூக்கில் தெளித்து, பின்னர் விரும்பியவாறு காலை உணவு உண்ணச் செய்தனர். வெறுந்திரவம் தெளித்த நாளைக் காட்டிலும், ஓமோன் தெளித்த நாளில் சராசரி 122 கலோரி குறைவாகவே உண்டனர். அஃதாவது, ஏழெட்டுத் தேக்கரண்டிச் சீனியில் அடங்கும் சக்தி. பசி எவ்வளவு என்று வினவியபோது அவர்கள் தந்த விடையில் மட்டும் மாற்றமில்லை. பசி தணியவில்லை, உண்ணும் அளவே குறைந்தது.

நம்பிக்கை வளர்ந்தது. ஆனால் ஒரு வேளைச் சாப்பாடு வேறு, மாதக்கணக்கான வாழ்க்கை வேறு. அதே நகரத்தில் உடற்பருமன் உடைய 61 பேருக்கு, நாளொன்றுக்கு நான்கு முறையாக எட்டு வாரம் மூக்கிற் தெளித்துச் செய்த ஆய்வின் முடிவு 2024 ஆம் ஆண்டில் வெளிவந்தது. ஓமோன் பெற்றவர்க்கும் வெறுந்திரவம் பெற்றவர்க்கும் எடையிலே வேறுபாடு காணப்படவில்லை. இதில் வியப்பில்லை. பஞ்சத்தையும் பட்டினியையும் கடந்து வந்த மனித உடல், பசியைக் காக்கும் பொறுப்பை ஒரே காவலனிடம் ஒப்படைக்கவில்லை. ஒரு காவலன் சோர்ந்தால் மற்றவன் விழித்திருப்பான். ஒருவனை வசப்படுத்தினால் மற்றவன் வழிமறிப்பான்.

ஆகவே, எடை குறைக்கும் அற்புத மருந்தென்று இதனை எவரேனும் விற்க வந்தால் வாங்காதீர்கள். வைத்தியசாலையில் இதற்குரிய இடம் வேறு. பிரசவத்தை ஊக்கவும், பிரசவத்தின் பின் குருதிப் பெருக்கைத் தடுக்கவும் வைத்தியரும் மருத்துவமாதும் அளவறிந்து கொடுக்கும் உயிர்காக்கும் மருந்து இது. இந்தியாவில் கறவை மாடுகளுக்கு இதனை ஊசியேற்றும் வழக்கம் காரணமாக, தனியார் உற்பத்தியைத் தடைசெய்து 2018 ஆம் ஆண்டில் மத்திய அரசு கட்டளையிட்டது. தாய்மாருக்கு மருந்து தட்டுப்படும் என்ற வாதம் எழ, அதே ஆண்டு டிசம்பரில் டில்லி உயர் நீதிமன்றம் அக்கட்டளையை நீக்கியது. ஒரே பொருள் காப்பதற்கும் கெடுப்பதற்கும் கருவியாவது கையாளுவோரைப் பொறுத்தது.

இனி ஒரு புதிரை உங்கள் முன் வைக்கின்றேன். பாலூட்டும் தாயின் உடலில் நாளுக்குப் பலமுறை ஒட்சிற்றோசின் வெளிவருகின்றது. அது பசியைக் குறைக்கும் ஓமோனாயின், அவளுக்குப் பசி குறைய வேண்டுமன்றோ? உண்மையில் பசி கூடுகின்றது. பால் உண்டாக்க அவள் உடல் நாளொன்றுக்கு ஏறத்தாழ 500 கலோரி மேலதிகமாக வேண்டிநிற்கின்றது. பாலை உண்டாக்கும் புரோலக்ரின் என்னும் ஓமோனும் பசியைத் தூண்டுகின்றது. செலவு மிகுந்ததை அறிந்த மாதக் கணக்கு, உதவியாளரின் குரலை மேவி, "இன்னும் வேண்டும்" என்கின்றது. அவளுடைய பசி பேராசையன்று. குழந்தையின் பங்கைக் கேட்கும் குரல் அது.

நமது மலைநாட்டில் அக்குரல் கேட்கப்படுகின்றதா? 2016 ஆம் ஆண்டின் குடித்தொகை, சுகாதார அளவீட்டின்படி, இலங்கை முழுவதிலும் ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளுள் நூற்றுக்கு 17 பேர் வயதுக்கேற்ற உயரமின்றி இருந்தனர்; பெருந்தோட்டப் பகுதியில் அத்தொகை நூற்றுக்கு 32. இக்குறை பள்ளிக்கு வந்தபின் தொடங்குவதன்று; தாயின் வயிற்றிலும் மடியிலுமே தொடங்குவது. லயத்து அடுப்பங்கரையில் கணவனுக்கும் பிள்ளைகளுக்கும் ரொட்டியைப் பகிர்ந்தபின் கடைசியாக உண்பவள் தாய். பத்தியம் என்னும் பெயராலும் அவள் உணவு குறைக்கப்படுகின்றது. ஒரு ரொட்டியும் சம்பலும் சீனி மிகுந்த தேநீரும் அருந்திவிட்டு, "எனக்குப் போதும்" என்கின்றாள். நேயர்களே, "போதும்" என்னும் சொல் இருவகைப்படும். ஒன்று நிறைந்த வயிறு சொல்வது. மற்றொன்று வெறும் சட்டி சொல்விப்பது. முன்னையதை ஓமோன்கள் சொல்கின்றன. பின்னையதற்கு எந்த ஓமோனும் பொறுப்பன்று, நாமே பொறுப்பு.

செய்யத்தக்கவை கடினமானவை அல்ல. பாலூட்டும் தாய்க்கு முதலில் பரிமாறுங்கள். சோற்றோடு பருப்பும், கீரையும், கருவாடோ முட்டையோ இயன்றவாறு சேருங்கள். மருத்துவமாது வழங்கும் திரிபோஷாவைத் தாயின் பங்காகவே வைத்து, வீடு முழுவதற்கும் பகிராதீர்கள். 1939 ஆம் ஆண்டின் மகப்பேற்று நன்மைகள் கட்டளைச் சட்டம், பின்வந்த திருத்தங்களோடு, ஒரு வயது நிரம்பாத குழந்தையையுடைய தொழிலாளத் தாய்க்கு, ஒன்பது மணி நேர வேலைக்குள் பாலூட்டுவதற்கென இரண்டு இடைவேளைகளை அளித்திருக்கின்றது. அது எவருடைய தயவுமன்று, உரிமை. அவ்வேளையில் அவளை அவசரப்படுத்தாது, அச்சுறுத்தாது விடுவதும் ஒரு வைத்தியமே. மனம் அமைதியற்றிருந்தால் பால் இறங்காது போவதுண்டு என்பதை முன்னரே கண்டோம்.

எடை மிகுந்து நீரிழிவுக்கு அஞ்சுவோருக்கும் ஒரு சொல். "போதும்" என்னும் செய்தி வயிற்றிலிருந்து மூளையை அடையச் சற்று நேரமாகும். விரைந்து விழுங்குவோர் அச்செய்தி வருமுன்பே தேவைக்கு மிஞ்சி உண்டுவிடுகின்றனர். மெல்ல மென்று உண்ணுங்கள், தேநீரிற் சீனியைக் குறையுங்கள், நடையைக் கூட்டுங்கள். மூக்கில் தெளிக்கும் மருந்து தராத பயனை இவை தரும்.

உடல் சொல்லும் "போதும்" என்பதற்குச் செவிசாய்ப்போம். வறுமை சொல்விக்கும் "போதும்" என்பதை ஏற்க மறுப்போம்.