பிரின்சஸ் ஆலிஸ்: பார்க்கிங் கரையோரத்தில் நிகழ்ந்த கப்பல் விபத்தும் அதனால் விளைந்த மாற்றங்களும்

பார்க்கிங் ரிவர்சைட் இறங்குதுறையிலிருந்து வுலிச் நோக்கிச் செல்லும் பயணிகள் படகு, ரோடிங் ஆறு தேம்ஸ் நதியுடன் கலக்கும் இடத்தைக் கடந்து கேலியன்ஸ் ரீச் என்னும் நதிப்பகுதிக்குள் நுழைகிறது. அவ்விடத்தில் நீரின் மேல் எந்த அடையாளமும் இல்லை. ஆயினும் 1878 செப்டெம்பர் 3ஆம் திகதி மாலை, இங்கேதான் பிரின்சஸ் ஆலிஸ் என்னும் பயணிகள் நீராவிக்கப்பல் சில நிமிடங்களுக்குள் மூழ்கி, 600க்கும் 700க்கும் இடைப்பட்டோர் உயிரிழந்தனர். பிரித்தானியாவின் உள்நாட்டு நீர்வழிகளில் நிகழ்ந்த விபத்துகளுள் மிகப்பெரிய உயிரிழப்பை ஏற்படுத்தியது இதுவேயாகும்.

இன்றைய தேம்ஸ் நதியின் போக்குவரத்து விதி, நதிப் பொலிசாரின் விரைவுப் படகு, கழிவுநீர்ச் சுத்திகரிப்பு ஆகியவற்றின் வரலாற்றில் இவ்விபத்துக்கு முக்கிய இடமுண்டு. பார்க்கிங் மக்களுக்கு அதில் தனிப்பட்ட தொடர்பும் உண்டு. அவர்கள் முறையிட்டிருந்த ஒரு குறைபாடே, நீரில் விழுந்தவர்களின் துன்பத்தைப் பன்மடங்காக்கியது.

நீரை நம்பி வாழ்ந்த ஊர்

பார்க்கிங் நகரம் நீண்டகாலம் மீனவர் ஊராக விளங்கியது. ரோடிங் ஆற்றின் கீழ்ப்பகுதியாகிய பார்க்கிங் கிரீக், கடல் வற்றுப்பெருக்குக்கு உட்பட்டது. நீர் பெருகும்போது கப்பல்கள் டவுன் கீ எனப்படும் துறைமேடை வரை வந்து சேரும். 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் சுமார் 220 பாய்மர மீன்பிடிக் கப்பல்கள் இவ்வூரைச் சார்ந்திருந்தன. அவற்றில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஆண்களும் சிறுவர்களும் தொழில் செய்தனர். அச்சிறுவர்களுள் பலர் ஏழைகள் இல்லங்களிலிருந்து தொழில் பழகுநர்களாக அனுப்பப்பட்டவர்கள்.

ஹியூவெற் குடும்பத்தின் ‘ஷோர்ட் புளூ’ கப்பற்படை இவற்றுள் பெயர்பெற்றது. நீல நிறச் சதுரக் கொடியே அப்பெயருக்குக் காரணம். சாமுவேல் ஹியூவெற் மீனைப் பழுதாகாமல் வைத்திருக்கப் பனிக்கட்டியைப் பயன்படுத்தினார். குளிர்காலத்தில் பார்க்கிங்கைச் சூழ்ந்த தாழ்நில வயல்களில் நீரைத் தேக்கி, அது உறைந்ததும் உடைத்தெடுத்துப் பனிக்கட்டிக் களஞ்சியத்தில் சேமித்தனர். பெரிய கப்பல்கள் வாரக்கணக்கில் வட கடலில் தங்கி மீன்பிடிக்க, விரைவுக் கப்பல்கள் அந்த மீனைப் பனிக்கட்டியிட்டு இலண்டன் பில்லிங்ஸ்கேற் சந்தைக்குக் கொண்டுவந்தன. இக்காலத்தில் ‘ஐஸ்ஹவுஸ் குவாட்டர்’ என்று அழைக்கப்படும் கரையோரப் பகுதியின் பெயர் அந்தக் களஞ்சியத்தை நினைவூட்டுகிறது.

இத்தொழில் பெரும் உயிர்ப்பலியும் கொண்டது. 1863 டிசெம்பரில் ஒல்லாந்துக் கரைக்கு அப்பால் வீசிய கடும்புயலில் பார்க்கிங் மீனவர் 60 பேர் மாண்டனர். அதே காலப்பகுதியில், புகையிரதம் கிழக்குக் கரையோரத் துறைமுகங்களிலிருந்து மீனை விரைவாக இலண்டனுக்குக் கொண்டுசெல்லத் தொடங்கியது. கப்பல்கள் கிறிம்ஸ்பி, யார்மத் முதலிய துறைமுகங்களுக்கு இடம்மாறின. 1860களின் பின்னர் பார்க்கிங்கின் மீன்பிடித் தொழில் விரைவாகத் தேய்ந்தது.

ஊருக்கு அருகே வந்த கழிவுநீர் வாயில்

மீன்பிடித் தொழில் நலிவுற்ற அதே பத்தாண்டில் மற்றொரு மாற்றம் நிகழ்ந்தது. 1858ஆம் ஆண்டின் கோடையில் தேம்ஸ் நதியின் துர்நாற்றம் பாராளுமன்றத்தையே நிலைகுலையச் செய்தது. அதன் பின்னர் பொறியியலாளர் ஜோசப் பஸல்ஜெற் இலண்டனுக்கான பெரும் கழிவுநீர்க் கால்வாய்களை அமைத்தார். நகரின் வாந்திபேதிக் கொள்ளைநோயை ஒழிப்பதில் இக்கால்வாய்களின் பங்கு பெரிது. எனினும் அவை கழிவைச் சுத்திகரிக்கவில்லை. நகரத்துக்குக் கிழக்கே கொண்டுசென்று நதியில் விட்டன. வடகரைக் கழிவுகள் வெளியேறும் வாயில், பார்க்கிங் கிரீக்கின் முகத்துவாரத்துக்கு அருகே பெக்ரனில் அமைந்தது. தென்கரைக் கழிவுகள் குரொஸ்னெஸ் என்னுமிடத்தில் வெளியேறின.

நீர் வற்றத் தொடங்கும் வேளையில் கழிவைத் திறந்துவிட்டால் அது கடலுக்குச் சென்றுவிடும் என்பதே திட்டம். நடைமுறையில், திரும்பும் நீர்ப்பெருக்கு அதன் ஒரு பகுதியை மீண்டும் மேலே கொண்டுவந்தது. பார்க்கிங் மக்கள் 1860களின் இறுதியில் இதுபற்றி அரசாங்கத்திடம் முறையிட்டனர். விசாரணையும் நடந்தது, ஆனால் கழிவை அவ்வாறே வெளியேற்றும் முறை தொடர்ந்தது.

செப்டெம்பர் 3ஆம் திகதி மாலை

பிரின்சஸ் ஆலிஸ் 1865இல் ஸ்கொட்லாந்தின் கிறீனொக் நகரில் கட்டப்பட்டது. இருபுறமும் துடுப்புச் சக்கரங்களைக் கொண்ட அக்கப்பல் சுமார் 67 மீற்றர் நீளமும் 6 மீற்றர் அகலமும் உடையது. விக்டோரியா மகாராணியின் மகளின் பெயர் அதற்குச் சூட்டப்பட்டிருந்தது. 936 பயணிகளை ஏற்றிச்செல்ல அதற்கு அனுமதி இருந்தது. ஆனால் கப்பலில் இருந்தவை இரண்டு உயிர்காப்புப் படகுகளும் 12 மிதவை வளையங்களும் மாத்திரமே.

அன்று செவ்வாய்க்கிழமை. இலண்டன் பாலத்தருகே புறப்பட்ட கப்பல், கிறேவ்செண்ட் வழியாக ஷியர்னெஸ் வரை சென்று திரும்பிக்கொண்டிருந்தது. சிறு செலவில் ஒருநாள் உல்லாசப் பயணம் மேற்கொண்ட குடும்பங்களே பயணிகளுள் பெரும்பாலோர். மாலை 6.30 மணியளவில் கிறேவ்செண்டை விட்டுப் புறப்பட்ட கப்பல், 7.20க்கும் 7.40க்கும் இடையில் பார்க்கிங் கிரீக்குக்கு எதிரேயுள்ள திறிப்கொக் முனையைச் சுற்றி கேலியன்ஸ் ரீச்சுக்குள் வந்தது. எதிரே, பைவெல் காசில் என்னும் நிலக்கரிக் கப்பல் சுமையின்றி நதியின் கீழ்நோக்கி வந்துகொண்டிருந்தது. அது பிரின்சஸ் ஆலிஸைவிடப் பலமடங்கு பாரமானது. நீர்மட்டத்திலிருந்து உயர்ந்து நின்றது.

நீரோட்டத்தை எதிர்த்துச் செல்லும் கப்பல்கள், வேகம் குறைந்த நீரைத் தேடிக் கரையோரமாகச் செல்வது அக்கால வழக்கம். முனையைச் சுற்றிய பிரின்சஸ் ஆலிஸ் வடகரையை நோக்கிச் செல்கிறது எனக் கருதிய பைவெல் காசில், அதன் பின்புறமாகக் கடப்பதற்குத் தென்புறம் திரும்பியது. ஆனால் பிரின்சஸ் ஆலிஸும் தென்கரையை நாடித் திரும்பியது. கனமான இரும்புக் கப்பலின் முன்பகுதி, பிரின்சஸ் ஆலிஸின் வலப்புறத்துத் துடுப்புச் சக்கரத்தின் அருகே மோதி அதைப் பிளந்தது. ஏறத்தாழ நான்கு நிமிடங்களில் அது மூழ்கிவிட்டது.

விபத்துக்குச் சுமார் ஒரு மணி நேரத்துக்கு முன்னர்தான் இரு கழிவு வாயில்களும் திறக்கப்பட்டு, 7.5 கோடி கலன், அதாவது ஏறத்தாழ 34 கோடி லீற்றர் கழிவுநீர் நதியில் விடப்பட்டிருந்தது. அருகிலிருந்த எரிவாயு ஆலையினதும் இரசாயனத் தொழிற்சாலைகளினதும் கழிவுகளும் அதில் கலந்திருந்தன. பயணிகளுள் நீந்தத் தெரிந்தோர் மிகச் சிலர். நீண்ட, கனத்த உடைகள் பெண்களை நீருக்குள் இழுத்தன. பைவெல் காசில் மாலுமிகள் கயிறுகளை வீசியும் படகுகளை இறக்கியும் சிலரைக் காப்பாற்றினர். மொத்தமாக மீட்கப்பட்டோர் ஏறத்தாழ 130 பேர். அவர்களுள்ளும் சிலர் அடுத்த சில வாரங்களில் இறந்தனர்.

பெயரறியாத கல்லறைகள்

கப்பலில் பயணிகளின் பெயர்ப் பட்டியல் எதுவும் இருக்கவில்லை. எனவே யார் யார் ஏறியிருந்தனர் என்பதை அறிய உறவினர்களின் விசாரணைகளே வழியாயின. மேற்கே லைம்ஹவுஸ் முதல் கிழக்கே எரித் வரை இரு கரைகளிலும் உடல்கள் ஒதுங்கின. அவற்றைத் தேடுவதற்கு நதிப் படகோட்டிகள் அமர்த்தப்பட்டனர். கழிவு படிந்திருந்தமையால் உடல்களைக் கழுவி அடையாளங் காண்பதே கடினமாயிற்று. அவை விரைவாகவும் பழுதடைந்தன. ஒவ்வோர் உடலுக்கும் இலக்கமிட்டு, ஆடை, மோதிரம், சட்டைப்பையில் இருந்த பொருள் ஆகியவற்றைக் கொண்டு உறவினர் அடையாளம் காட்டினர். அடையாளங் காணப்படாத சுமார் 120 பேர் வுலிச் பழைய சேமக்காலையில் ஒரே இடத்தில் அடக்கம் செய்யப்பட்டனர்.

இலண்டன் மாநகர முதல்வர் தொடங்கிய நிவாரண நிதிக்கு 38,000 பவுணுக்கு மேற்பட்ட தொகை சேர்ந்தது. ஆளுக்கு ஆறு பென்ஸ் வீதம் 23,000க்கும் அதிகமானோர் வழங்கிய பணத்தில், 1880இல் அச்சேமக்காலையில் கற்சிலுவை ஒன்று நிறுவப்பட்டது. பெருஞ்செல்வர் ஒருவரின் கொடையாக அன்றி, சாதாரண மக்களின் சிறு பங்களிப்பில் அந்நினைவுச் சின்னம் எழுந்தது.

யார் மீது தவறு?

இருவேறு விசாரணைகள் நடைபெற்றன. வர்த்தகச் சபையின் விசாரணை, பிரின்சஸ் ஆலிஸ் நதி விதியை மீறியதாகக் கண்டது. மரண விசாரணை அதிகாரியின் முன் அமர்ந்த யூரர் சபை இரு தரப்பிலும் குறை கண்டது. பைவெல் காசில் உரிய நேரத்தில் இயந்திரத்தை நிறுத்திப் பின்னோக்கிச் செலுத்தவில்லை. பிரின்சஸ் ஆலிஸும் நிறுத்திப் பின்செல்லவில்லை. அத்துடன் அக்கப்பலில் போதிய மாலுமிகள் இல்லை. விவேகத்துக்கு மிஞ்சிய பயணிகள் ஏற்றப்பட்டனர். உயிர்காப்புச் சாதனங்கள் போதவில்லை என்றும் யூரர்கள் தெரிவித்தனர். பைவெல் காசிலும் நெடுநாள் நிலைக்கவில்லை. 1883இல் பிஸ்கே விரிகுடாவில் மாலுமிகளுடன் காணாமற்போனது.

விபத்தின் பின் ஏற்பட்ட மாற்றங்கள்

போக்குவரத்து விதி: எதிரெதிரே வரும் கப்பல்கள் ஒன்றையொன்று தத்தம் இடப்புறத்தில் விட்டுக் கடக்க வேண்டும் என்பது 1880இல் தேம்ஸ் நதிக்குத் தெளிவான விதியாக்கப்பட்டது. மாலுமியின் ஊகத்துக்கு விடப்பட்டிருந்த ஒரு காரியம் இவ்வாறு ஒழுங்குக்குள் வந்தது.

நதிப் பொலிஸ்: அதுவரை துடுப்புப் படகுகளையே பயன்படுத்திய தேம்ஸ் பொலிசாருக்கு 1880களின் நடுப்பகுதியில் நீராவிப் படகுகள் வழங்கப்பட்டன.

கழிவுநீர்: 1882இல் அரச ஆணைக்குழு அமைக்கப்பட்டது. அதன்பின் கழிவைச் சுத்திகரிக்காமல் நதியில் விடும் முறை படிப்படியாகக் கைவிடப்பட்டது. இரசாயனப் பொருள்களால் திண்மக் கழிவு பிரிக்கப்பட்டு, 1887 முதல் கப்பல்களில் ஏற்றிச்சென்று கடலில் கொட்டப்பட்டது. கடலில் கொட்டும் அம்முறையும் 1998இல் நிறுத்தப்பட்டது. பெக்ரன் நிலையம் இன்று ஐரோப்பாவின் மிகப்பெரிய சுத்திகரிப்பு நிலையங்களுள் ஒன்றாகும். பார்க்கிங் மக்கள் முன்னரே எழுப்பிய முறைப்பாட்டுக்குத் தீர்வு வர ஏறக்குறைய இருபது ஆண்டுகள் சென்றன.

ஆயினும் ஒரு பாடம் நூறாண்டுக்குப் பின்னரும் மீண்டும் கற்கவேண்டியதாயிற்று. 1989 ஓகஸ்ட் 20ஆம் திகதி அதிகாலை, மார்ஷனெஸ் என்னும் உல்லாசப் படகு மத்திய இலண்டனில் மணல் அள்ளும் கப்பலொன்றுடன் மோதி மூழ்கியதில் 51 பேர் இறந்தனர். அதன் விசாரணைகளின் விளைவாக, 2002இல் தேம்ஸ் நதியில் உயிர்காப்புப் படகு நிலையங்கள் நான்கு நிறுவப்பட்டன.

நேரில் காணக்கூடிய இடங்கள்

பார்க்கிங் புகையிரத நிலையத்திலிருந்து நடைதூரத்தில் புராதன அபேயின் இடிபாடுகளும், புனித மார்கிரெற் தேவாலயமும், அவற்றுக்கு அப்பால் டவுன் கீயும் உள்ளன. கடற்பயணி ஜேம்ஸ் குக் 1762 டிசெம்பர் 21ஆம் திகதி இத்தேவாலயத்திலேயே திருமணம் செய்துகொண்டார். மீன்பிடிக் கப்பற்படை உள்ளிட்ட வட்டார வரலாற்றை டகன்ஹமிலுள்ள வலன்ஸ் ஹவுஸ் அருங்காட்சியகத்தில் அறியலாம். 2022இல் திறக்கப்பட்ட பார்க்கிங் ரிவர்சைட் இறங்குதுறையிலிருந்து வுலிச்சுக்குப் படகில் சென்று, அங்கிருந்து பிளம்ஸ்ரெட் பகுதியிலுள்ள பழைய சேமக்காலையின் கற்சிலுவையைக் காணலாம். வழியில் விபத்து நடந்த நதிப்பகுதியையும் கடந்து செல்ல நேரும்.

நீரோரத்தில் நினைவிற் கொள்ள வேண்டியவை

ரோடிங் ஆற்றின் கீழ்ப்பகுதியிலும் தேம்ஸ் நதியிலும் நீர்மட்டம் நாளொன்றுக்கு இருமுறை உயர்ந்து தாழ்கிறது. மேற்பரப்பு அமைதியாகத் தோன்றினாலும் அடியில் ஓட்டம் வலியது. நீர் வற்றும்போது வெளிப்படும் சேற்றில் காலூன்ற முடியாது. நீந்தத் தெரிந்தவரும் குளிர்நீரில் விழுந்ததும் மூச்சுத் திணறக்கூடும். எனவே சிறுவர்களைக் கரையோரத்தில் தனியே விடலாகாது.

ஒருவர் நீரில் விழுந்தால், காப்பாற்றும் எண்ணத்துடன் தாமும் குதித்தல் ஆகாது. உடனே 999 இலக்கத்தை அழைத்து, “கோஸ்ட்கார்ட்” எனக் கேட்டு, அருகிலுள்ள பாலம், இறங்குதுறை அல்லது வீதியின் பெயரைக் கூற வேண்டும். கரையில் மிதவை வளையம் இருப்பின் அதை எறியலாம். விழுந்தவர் தலையைப் பின்சாய்த்து மல்லாந்து மிதந்து, மூச்சு சீராகும் வரை அவ்வாறே மிதந்திருக்க முயலுமாறு உரத்துக் கூற வேண்டும்.

1878இல் அக்கப்பலில் ஏறியோருக்கு இவ்வாறு அழைப்பதற்கு எவரும் இருக்கவில்லை. இன்று பார்க்கிங் கரையில் நடப்போருக்கு அந்த உதவி ஒரு தொலைபேசி அழைப்பின் தூரத்தில் இருக்கிறது. அதை அறிந்து வைத்திருப்பதும், வீட்டிலுள்ள பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுப்பதும் ஒவ்வொருவரின் கடமையாகும்.