பழைய தட்டு, புதிய கருவி

2000-இல் பிளேஸ்டேஷன் 2 வெளிவந்தபோது, முந்தைய பிளேஸ்டேஷனின் விளையாட்டுகளும் அதில் ஓடின. பழைய கருவிக்கு மூளையாக இருந்த சிப்பையே சோனி அதற்குள் வைத்திருந்தது. புது விளையாட்டு நடக்கும்போது அந்தச் சிப் கன்ட்ரோலர், மெமரி கார்டு ஆகியவற்றைக் கவனித்துக்கொள்ளும். பழைய தட்டைப் போட்டால் ஆட்டத்தையே தான் எடுத்து நடத்தும். என்ன அருமையான ஏற்பாடு!

பிளேஸ்டேஷன் 3-இன் முதல் மாடல்களிலும் இதே உத்திதான். செலவைக் குறைப்பதற்காகப் பிறகு அதைக் கைவிட்டார்கள்.

மைக்ரோசாஃப்ட் வேறு வழியில் போனது. பழைய எக்ஸ்பாக்ஸ் 360-க்கும் அடுத்து வந்த எக்ஸ்பாக்ஸ் ஒன்னுக்கும் பிராசஸர் முற்றிலும் வேறு. அதனால் பழைய கருவியைப் போலவே நடந்துகொள்ளும் எமுலேட்டர் என்ற மென்பொருளை எழுதி, 2015 நவம்பரில் வெளியிட்டார்கள். இதில் தட்டு வெறும் உரிமைச் சான்றுதான். ஆட்டம் இணையத்திலிருந்து இறங்கும். 2010-இல் வந்த 'ரெட் டெட் ரிடெம்ப்ஷன்' எக்ஸ்பாக்ஸ் ஒன் எக்ஸில் 4கே தெளிவில் ஓடுகிறது.

ஆனால் தொழில்நுட்பத்தைவிடப் பெரிய சுவர் உரிமம். ஒரு விளையாட்டிலுள்ள பாட்டு, கார், நடிகர் முகம் என ஒவ்வொன்றுக்கும் ஓர் உரிமையாளர் இருக்கலாம். சட்ட, தொழில்நுட்பத் தடைகளைச் சொல்லி, 2021 நவம்பரில் 76 விளையாட்டுகளைச் சேர்த்ததோடு மைக்ரோசாஃப்ட் புதுக் கருவிகளில் ஓடும் பழைய விளையாட்டுகளின் பட்டியலை முடித்துக்கொண்டது.

பழைய தட்டுகளைத் தூக்கி எறியாதீர்கள். புதுக் கருவி வாங்கும் முன் அதில் தட்டு போடும் வசதி உண்டா என்று பாருங்கள். எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எஸ்ஸில் கிடையாது.