இனிப்பும் புளிப்பும் சேர்ந்த கறி உருண்டை: எண்ணெயைக் குறைத்து, பழத்தைச் சேர்த்து

ஹஜ்ஜுப் பெருநாள் 2023இல் ஜூன் 29, 2024இல் ஜூன் 17, 2025இல் ஜூன் 7 என்று வந்தது. அதாவது சில வருடங்களாகவே குர்பானி இறைச்சியும் மாம்பழமும் ஒரே நேரத்தில் நம் வீடுகளுக்கு வந்து சேர்கின்றன. ஃப்ரிட்ஜின் மேல் தட்டில் கறிப் பொட்டலங்கள், கீழே கூடையில் கிளிமூக்கு மாங்காய். முதல் நாள் பிரியாணி, இரண்டாம் நாள் கீமா, மூன்றாம் நாள் பொரித்த கோலா உருண்டை. அந்த மூன்றாம் நாளில்தான் வீட்டுப் பெரியவர்கள் தட்டைத் தள்ளி வைக்கிறார்கள். ஒருவருக்குச் சர்க்கரை, இன்னொருவருக்கு இரத்த அழுத்தம், மற்றொருவருக்கு டாக்டர் எண்ணெய் வேண்டாம் என்று சொல்லியிருக்கிறார். இந்தியாவில் சுமார் 10 கோடியே 10 இலட்சம் பேருக்கு நீரிழிவு இருக்கிறது என்று இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் துணையோடு நடந்த ஆய்வு 2023இல் சொன்னது. அந்தக் கணக்கில் நம் வீட்டு ஆட்களும் இருக்கிறார்கள். அவர்களுக்கு மட்டும் தனியாக ரசம் சோறு போட்டுவிட்டு மற்றவர்கள் கறி சாப்பிடுவது பெருநாள் வீட்டில் நன்றாகவா இருக்கிறது?

அதனால்தான் இந்தக் கட்டுரையில், எல்லோரும் ஒரே தட்டிலிருந்து எடுத்துச் சாப்பிடக்கூடிய ஒரு கறி உருண்டையைப் பற்றிப் பேசுகிறோம். பொரிக்காமல் ஆவியில் வேக வைத்து, அன்னாசியும் மாங்காயும் சேர்ந்த இனிப்புப் புளிப்புக் குழம்பில் போட்டு எடுப்பது.

இனிப்பும் புளிப்பும் கறியோடு சேர்வது சீன ஹோட்டல் பழக்கம் என்று பலர் நினைக்கிறோம். ஆம்பூர்க்காரர்கள் அப்படி நினைக்கத் தேவையே இல்லை. பிரியாணித் தட்டில் கத்திரிக்காய்ப் புளிப்பு இல்லாவிட்டால் பிரியாணி முழுமையாகாது என்பது நமக்குத் தெரியும். கறியின் கொழுப்பைப் புளி வெட்டுகிறது. அதே வேலையைத்தான் அன்னாசியும் செய்கிறது. முஸ்லிம் உலகத்தில் இதற்குப் பழைய வரலாறும் உண்டு. பாரசீகத்திலிருந்து பாக்தாத் அரண்மனைகள் வரை பேர்பெற்ற ‘சிக்பாஜ்’ என்ற உணவு, இறைச்சியை வினிகரும் இனிப்பும் சேர்த்துச் சமைத்ததுதான். 1226இல் பாக்தாதில் எழுதப்பட்ட அல் பக்தாதியின் சமையல் நூல் புளிப்புக் கறிகளில்தான் தொடங்குகிறது. ‘கோஃப்தா’ என்ற பெயரே, இடிப்பது என்று பொருள்படும் பாரசீகச் சொல்லிலிருந்து வந்தது. ஈரானில் இன்றும் மாதுளைச் சாறும் வால்நட்டும் சேர்ந்த ‘ஃபெசன்ஜான்’ குழம்பில் கறி உருண்டைகளைப் போடுவதுண்டு. தென்னாப்பிரிக்காவின் கேப் மலாய் முஸ்லிம்கள் கொத்துக்கறியில் உலர்திராட்சை சேர்த்து ‘பொபோட்டி’ செய்கிறார்கள். மலேசியக் கல்யாண விருந்துகளில் அன்னாசிப் ‘பஜ்ரி’ கறிக்குத் துணையாக வருகிறது. ஆக, பழமும் கறியும் நமக்குப் புதிய சம்பந்தம் அல்ல.

சரி, வழக்கமான கறி உருண்டையில் கனம் எங்கிருந்து வருகிறது? மூன்று இடங்களிலிருந்து. கடையில் கொத்தித் தரும் கறியோடு கொழுப்பும் சேர்ந்து வருகிறது. அது எண்ணெயில் மூழ்கிப் பொரிகிறது. பிறகு தக்காளி கெட்ச்அப்பும் சர்க்கரையும் சோயா சாஸும் கலந்த குழம்பில் விழுகிறது. மூன்றாவதைத்தான் நாம் கவனிப்பதே இல்லை. ஒரு மேசைக்கரண்டி கெட்ச்அப்பில் ஏறக்குறைய ஒரு தேக்கரண்டி சர்க்கரை இருக்கிறது. ஒரு மேசைக்கரண்டி சோயா சாஸில் இரண்டு கிராமுக்கும் அதிகமான உப்பு இருக்கிறது. ஒரு நாளைக்கு ஒருவருக்கு மொத்தமே ஐந்து கிராமுக்குள் உப்பு இருக்க வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. இரத்த அழுத்தம் உள்ளவர்கள் கறியைக் கண்டு பயப்படுவதை விட இந்த சாஸைக் கண்டு பயப்படலாம்.

முதலில் கறி. ஆடோ, மாடோ, கோழியோ, அரைக் கிலோ போதும். தொடைப் பகுதியைத் துண்டாக வாங்கி, தெரியும் கொழுப்பையும் ஜவ்வையும் நீக்கி, கழுவி, துணியால் ஈரம் ஒற்றிய பிறகு அரைப்பது நல்லது. அரைத்த பின் கழுவினால் தண்ணீர் உள்ளே நின்றுவிடும், உருண்டை பிடிக்காது. கோழி என்றால் தோல் சேராமல் பார்த்துக்கொள்ள வேண்டும். மிக்ஸியில் விட்டு விட்டு ஓட்டுங்கள். மாவாகிவிட்டால் ரப்பர் மாதிரி வரும்.

இதில் சுரைக்காய் துருவலை நன்றாகப் பிழிந்து ஒரு கப் சேர்க்கிறோம். கறி குறைகிறது, உருண்டை மெதுவாக வருகிறது, சுரைக்காய் இருப்பது பிள்ளைகளுக்குத் தெரிவதும் இல்லை. பிடிமானத்துக்கு மூன்று மேசைக்கரண்டி பொட்டுக்கடலை மாவு. பொடியாக நறுக்கிப் பிழிந்த வெங்காயம் ஒன்று, இஞ்சி பூண்டு விழுது இரண்டு தேக்கரண்டி, பச்சை மிளகாய், கொத்தமல்லி, புதினா, அரைத் தேக்கரண்டி மிளகுத்தூள், அரைத் தேக்கரண்டி கரம் மசாலா, முக்கால் தேக்கரண்டி உப்பு. எல்லாம் சேர்த்து நான்கைந்து நிமிடம் கையால் அழுத்திப் பிசைய வேண்டும். உப்பு பட்டுப் பிசையும்போது இறைச்சியின் புரதம் பசை போல இழுபடும். அந்தப் பசைதான் உருண்டையைக் காப்பாற்றுகிறது, முட்டை கூடத் தேவையில்லை. அரை மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைத்து, சின்ன எலுமிச்சை அளவில் உருட்டினால் இருபத்துநான்கு உருண்டை வரும்.

இனி எண்ணெய்ச் சட்டி வேண்டாம், இட்லிப் பானையை எடுங்கள். தட்டில் லேசாக எண்ணெய் தடவி, குழிக்கு ஒன்றாக வைத்து, தண்ணீர் கொதித்த பிறகு பன்னிரண்டு முதல் பதினைந்து நிமிடம் வேக விடுங்கள். ஒன்றை உடைத்துப் பாருங்கள். உள்ளே சிவப்பு இருந்தால் மறுபடியும் வையுங்கள். முழுத் துண்டில் கிருமிகள் பெரும்பாலும் வெளிப்பக்கம்தான் இருக்கும். கொத்துக்கறியில் அரைக்கும்போதே உள்ளேயும் கலந்துவிடுவதால் நடுப்பகுதி முழுதாக வேகுவது அவசியம். தட்டின் குழியில் தேங்கும் சாற்றைக் கொட்டிவிடாதீர்கள், குழம்புக்கு அதுதான் ருசி. மேல்பாகம் சிவக்க வேண்டும் என்பவர்கள், வெந்த உருண்டைகளை இரண்டு தேக்கரண்டி எண்ணெய் விட்ட தோசைக்கல்லில் உருட்டி எடுக்கலாம். பொரித்த மணம் கொஞ்சம் கிடைக்கும், பொரித்த எண்ணெய் கிடைக்காது.

இப்போது அன்னாசி. இங்கேதான் பலருக்கும் பதார்த்தம் கெட்டுப் போகிறது. பச்சை அன்னாசியில் ‘ப்ரோமெலைன்’ என்ற நொதி இருக்கிறது. அது புரதத்தை அறுக்கும். கபாபுக்குக் கறி மெத்தென்று ஆக நாம் பப்பாளிக்காய் அரைத்துத் தடவுகிறோம் அல்லவா? பப்பாளிக்காயில் வேலை செய்வது ‘பப்பைன்’, அன்னாசியில் வேலை செய்வது அதன் சொந்தக்காரன் மாதிரி. முழுத் துண்டுக் கறிக்கு இது உதவி. ஏற்கெனவே அரைத்த கறிக்கு இது உபத்திரவம். அன்னாசித் துருவலைக் கொத்துக்கறியில் கலந்து ஊற வைத்தால், உருண்டை பிடிக்க வேண்டிய அந்தப் புரதப் பசையே அறுந்து, கறி கூழாகிவிடும். சிலருக்கு அன்னாசி சாப்பிட்டால் நாக்கு எரிவதிலும் இதே நொதிக்குப் பங்கு உண்டு.

தீர்வு சுலபம். வெப்பத்தில் இந்த நொதி செயலிழந்துவிடும். ஆகவே அன்னாசியைக் கறிக்குள் சேர்க்காமல் குழம்பில் மட்டும் சேர்த்து, ஐந்தாறு நிமிடம் நன்றாகக் கொதித்த பிறகே உருண்டைகளைப் போட வேண்டும். டின்னில் வரும் அன்னாசி ஏற்கெனவே சூடாக்கப்பட்டது, நொதிப் பிரச்சினை இல்லை. ஆனால் அது பெரும்பாலும் சர்க்கரைப் பாகில் மிதக்கிறது. பழமே கிடைக்கும்போது டின் எதற்கு?

மாங்காய்க்கு நாம் எங்கும் அலைய வேண்டாம். வாணியம்பாடி தாண்டி பெங்களூரு நெடுஞ்சாலையில் போனால் பர்கூர், கிருஷ்ணகிரி. மாம்பழக்கூழ் தொழிற்சாலைகள் நிறைந்த மாவட்டம் அது. அங்கே அதிகம் விளைவது கிளிமூக்கு என்றும் பெங்களூரா என்றும் நாம் சொல்லும் தோத்தாபுரி. நறுக்கிச் சாப்பிட அது சுமார்தான், அல்ஃபோன்சா ரசிகர்கள் திரும்பியும் பார்க்க மாட்டார்கள். ஆனால் பாதிப் பழுத்த கிளிமூக்கில் இனிப்பும் புளிப்பும் சரிபாதியாக இருக்கும், சதை கெட்டியாக இருப்பதால் குழம்பில் கரைந்தும் போகாது. இந்தச் சமையலுக்கென்றே வாய்த்தது போல. சீசன் இல்லாத நாளில் அன்னாசியோடு ஒரு பழுத்த தக்காளி போதும்.

ஒரு எச்சரிக்கை: புளிப்புக்காகத் தம்பரத்தம் என்ற நட்சத்திரப் பழத்தைச் சிலர் சேர்ப்பதுண்டு. சிறுநீரகம் பாதித்தவர்களுக்கு, குறிப்பாக டயாலிசிஸ் செய்பவர்களுக்கு, அந்தப் பழம் நஞ்சு. விக்கல், குழப்பம், வலிப்பு, உயிராபத்து வரை கொண்டு போகும். நெடுநாள் சர்க்கரை உள்ளவர்களில் சிறுநீரகம் பாதித்தவர்கள் பலர் இருப்பார்கள் என்பதால், பலரும் சாப்பிடும் சட்டியில் அதைப் போடாமல் இருப்பதே மேல்.

குழம்புக்கு ஒரு மேசைக்கரண்டி எண்ணெய். அதில் தட்டிய பூண்டு ஆறு பல், சதுரமாக நறுக்கிய வெங்காயம், குடைமிளகாய். பச்சை வாசம் போனதும் ஒரு தேக்கரண்டி காஷ்மீரி மிளகாய்த்தூள். கால் கிலோ அன்னாசியில் பாதியைத் துண்டாகவும் பாதியை அரைத்தும் ஊற்றி, ஒரு கிளிமூக்கின் சதையைத் துண்டாக்கிப் போட்டு, இட்லித் தட்டின் சாற்றையும் ஒரு கப் தண்ணீரையும் சேர்த்துக் கொதிக்க விடுங்கள். புளிப்பு போதாவிட்டால் ஒரு மேசைக்கரண்டி வினிகர் அல்லது கொஞ்சம் புளிக்கரைசல். சோயா சாஸ் வேண்டுமென்றால் ஒரு தேக்கரண்டி, அதற்கு மேல் வேண்டாம், அதைப் போட்டால் உப்பைக் குறையுங்கள். கடைசியில் ஒரு தேக்கரண்டி சோளமாவைத் தண்ணீரில் கரைத்து ஊற்றி, உருண்டைகளைப் போட்டு, ஐந்து நிமிடம் சிறுதீ. அலுமினியச் சட்டியைத் தவிர்த்து எவர்சில்வரோ மண்சட்டியோ எடுங்கள். புளிப்பு அலுமினியத்தை அரிக்கும், ருசியும் மாறும்.

கடையில் வாங்கும் ‘ஸ்வீட் அண்ட் சோர்’ சாஸ் பாட்டில்களின் பொருள் பட்டியலைப் படித்துவிட்டு வாங்க வேண்டும். சிலவற்றில் அரிசி மது, சமையல் ஒயின் சேர்ந்திருக்கும். வினிகரைப் பொறுத்தவரை தயக்கம் தேவையில்லை. நபி (ஸல்) அவர்கள் வினிகரை நல்ல குழம்பு என்று பாராட்டியது ஸஹீஹ் முஸ்லிமில் பதிவாகியிருக்கிறது.

சர்க்கரை சேர்க்கவில்லை, ஆகவே எவ்வளவு வேண்டுமானாலும் சாப்பிடலாம் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. பழத்திலும் சர்க்கரை உண்டு. கால் கிலோ அன்னாசியில் சுமார் 25 கிராம், மாங்காயில் பழுத்த அளவைப் பொறுத்து 15 முதல் 20 கிராம். ஆறு பேர் பகிர்ந்தால் ஆளுக்கு ஏழு கிராம் அளவில் வரும். அரைக் கப் கெட்ச்அப்பும் நான்கு மேசைக்கரண்டி சர்க்கரையும் போடும் ஹோட்டல் பாணிக் குழம்பில் இது இரண்டு மடங்கு. ஆனால் உண்மையான கணக்கு பக்கத்தில் வைக்கும் சோற்றில் இருக்கிறது. ஒரு கப் சோற்றில் மட்டும் 45 கிராம் அளவுக்கு மாவுச்சத்து. சர்க்கரை உள்ளவர்கள் நான்கு உருண்டையோடு ஒரு கோதுமை ரொட்டி, நிறைய வெள்ளரி வெங்காயம் என்று எடுத்துக்கொண்டால் தட்டும் நிறையும், கணக்கும் மீறாது. மாத்திரை, இன்சுலின் எடுப்பவர்கள் டாக்டர் சொன்ன அளவை மாற்ற வேண்டாம்.

நம் பகுதியில் காலையில் ஷூ கம்பெனி வேனைப் பிடிக்கும் பெண்களுக்கு இது இன்னொரு விதத்திலும் சௌகரியம். வேக வைத்த உருண்டைகளை ஆறவிட்டு, தட்டில் தனித்தனியாக உறைய வைத்து, பிறகு டப்பாவில் அடைத்தால் ஃப்ரீசரில் ஒரு மாதம் இருக்கும். குழம்பைத் தனியாக இரண்டு நாள் ஃப்ரிட்ஜில் வைக்கலாம். காலையில் குழம்பைக் கொதிக்க வைத்து, உருண்டைகளைப் போட்டு, நடுப்பகுதி வரை சூடேறியதும் டிபன் பாக்ஸில் எடுத்துக்கொள்ளலாம். மின்சாரம் நெடுநேரம் போய் உருண்டைகள் முழுதும் இளகிவிட்டால் மறுபடி உறைய வைக்காமல் அன்றைக்கே சமைத்துவிடுங்கள்.