நவோமி ஷெமர்: எழுதியது ஒன்றுக்கு, பாடப்பட்டது வேறொன்றுக்கு

ஹீப்ருவில் பாட்டும் மெட்டும் தாமே கட்டியவர்களில் இஸ்ரேல் மக்கள் முதலில் சொல்லும் பெயர் நவோமி ஷெமர். 1930-ல் கலிலேயாக் கடலோரத்தில், கின்னரெத் என்ற கூட்டுப்பண்ணையில் பிறந்தார். ஜெருசலேமில் இசை படித்துவிட்டு ஊர் திரும்பி, பண்ணைக் குழந்தைகளுக்கு இசை சொல்லிக்கொடுத்தார். அதே ஊரில் வாழ்ந்து, அங்கேயே அடக்கம் செய்யப்பட்ட கவிஞர் ராகேலின் கவிதைகளுக்கும் மெட்டமைத்தார். 1963-ல் பண்ணையின் பொன்விழா நாடகத்துக்காக அவர் எழுதிய யூக்கலிப்டஸ் தோப்புப் பாட்டு, யோர்தான் ஆற்றங்கரையில் குடியேறிய பெற்றோர் தலைமுறையைப் பற்றியது. விழா முடிந்தது, பாட்டு நாடெங்கும் பரவியது.

அவருடைய பாட்டுகள் பலவற்றுக்கும் இதே கதைதான். ஏதோ ஒரு தேவைக்கு எழுதுவார், காலம் அதை வேறொன்றுக்கு எடுத்துக்கொள்ளும்.

இதற்குப் பெரிய சான்று 'பொன் ஜெருசலேம்'. 1948 முதல் அந்நகரம் இரண்டாகப் பிரிந்து கிடந்தது. பழைய நகரமும் யூதர்களின் புனிதத் தலமான மேற்குச் சுவரும் யோர்தான் நாட்டிடம் இருந்தன. நகரத்தைப் பற்றி ஒரு பாட்டு வேண்டும் என்று மேயர் டெடி கோலெக் விரும்பினார். 1967 மே 15 அன்று இசை விழாவில், போட்டிக்கு வெளியே அது பாடப்பட்டது. பாடியவர் ஷூலி நதான். அதுவரை யாரும் அறியாத இளம்பெண்ணான அவரே பாட வேண்டும் என்றவர் ஷெமர். மூன்று வாரத்தில் இஸ்ரேலுக்கும் அண்டை அரபு நாடுகளுக்கும் போர் வந்தது. ஜூன் 7 அன்று பழைய நகரத்துக்குள் புகுந்த இஸ்ரேலியப் படைவீரர்கள் சுவரருகே நின்று இதையே பாடினார்கள். ஏக்கத்துக்கு எழுதிய பாட்டு வெற்றிப் பாட்டாயிற்று; ஷெமரும் ஒரு சரணத்தைச் சேர்த்தார். இதைத் தேசிய கீதமாக்கலாம் என்ற யோசனைகூட நாடாளுமன்றம்வரை போனது.

பாட்டில் சந்தை வெறிச்சோடிக் கிடப்பதாக வருகிறது. அங்கே அரபு மக்கள் நிறைந்திருந்தார்களே என்று எழுத்தாளர் ஆமோஸ் ஓஸ் கண்டித்தார். யூதர் இல்லாத இடம் தமக்கு வெற்றிடமே என்ற கருத்தில் ஷெமர் உறுதியாக நின்றார். என் பார்வையில் ஓஸ் சொன்னதே சரி. அங்கே பிறந்து வளர்ந்தவர்கள் அந்தப் பாட்டுக்குள் இல்லவே இல்லை. அதன் அழகை எவ்வளவு ரசித்தாலும் இந்தக் குறை மறைவதில்லை.

மெட்டைப் பற்றியும் சர்ச்சை இருந்தது. அது ஒரு பாஸ்க் தாலாட்டைப் போலிருக்கிறது என்றவர்களுக்கு ஷெமர் ஆண்டுக்கணக்கில் மறுப்பே சொன்னார். 2004-ல், சாகும் தறுவாயில், இசையமைப்பாளர் கில் அல்தெமாவுக்குக் கடிதம் எழுதி உண்மையை ஒப்புக்கொண்டார். அந்தத் தாலாட்டு தன்னையறியாமல் மனத்தில் தங்கிவிட்டது என்பது அவர் தந்த விளக்கம். அவர் மறைந்த பிறகே அந்தக் கடிதம் வெளியில் வந்தது.

1973-ல் பீட்டில்ஸ் குழுவின் 'லெட் இட் பி' பாட்டுக்கு ஹீப்ரு வரிகள் எழுதத் தொடங்கினார். யோம் கிப்பூர் போர் மூண்டிருந்தது. இவ்வளவு நல்ல வரிகளை அயல் மெட்டுக்கு ஏன் கொடுக்கிறாய் என்று கணவர் கேட்க, சொந்த மெட்டு போட்டார். 'லூ யெஹி' பிறந்தது. 1980-ல் கணவரை இழந்த தங்கைக்காக 'அல் கோல் எலே' எழுதினார். ஒரு வீட்டுத் துக்கத்துக்கான அந்தப் பாட்டை, 1982-ல் எகிப்திடம் திருப்பித் தரப்பட்ட சினாயின் யூதக் குடியிருப்புகளிலிருந்து வெளியேற்றப்பட்டவர்கள் தங்கள் பாட்டாக்கிக்கொண்டார்கள். யூதக் குடியேற்றங்களை ஆதரித்த ஷெமருக்கு அதில் வருத்தம் இருந்திருக்காது.

1983-ல் இஸ்ரேல் பரிசு கிடைத்தது. 1995-ல் பிரதமர் யிட்சாக் ராபின் சுட்டுக் கொல்லப்பட்டார். பாலஸ்தீனர்களோடு சமாதானம் தேடிய ராபினின் அரசியல் வேறு, ஷெமரின் அரசியல் வேறு. ஆனாலும், அமெரிக்க அதிபர் லிங்கன் கொல்லப்பட்டபோது கவிஞர் வால்ட் விட்மன் எழுதிய இரங்கற்பாவை ராபினுக்காக ஹீப்ருவாக்கி மெட்டமைத்தவர் ஷெமர்தான்.