மாமல்லபுரத்தில் மோதிய வம்சங்கள்

186 தேசங்கள் ஒரே சமயத்தில் மாமல்லபுரத்தின் மீது படையெடுத்து வந்தால் எப்படி இருக்கும்? 2022-ம் வருஷம் ஜூலை மாதக் கடைசியில் நிஜமாகவே அப்படி ஒரு படையெடுப்பு நடந்தது. வந்தவர்களிடம் வாளும் இல்லை, வேலும் இல்லை. யானை, குதிரை, சிப்பாய் எல்லாம் உண்டு. ஆனால் அவற்றையும் நாமேதான் கொடுத்தோம்! செங்கற்பட்டு ஜில்லாவைச் சேர்ந்த பூஞ்சேரியில், ஒரு பெரிய ஹோட்டலின் கூடங்களில் நூற்றுக்கணக்கான பலகைகளைப் பரப்பி வைத்து, நடுவில் ஒரு நாள் ஓய்வு போகப் பதினொரு சுற்றுக்கள் யுத்தம் நடந்தது. நாற்பத்து நாலாவது சதுரங்க ஒலிம்பியாட் என்று அதற்குப் பெயர்.

உண்மையில் இது ரஷ்யாவில் நடக்க வேண்டிய பந்தயம். உக்ரேன் யுத்தம் மூண்டதும் அங்கிருந்து பிடுங்கப்பட்டு, மார்ச் மாதத்தில் நம் பக்கம் வந்து சேர்ந்தது. நாலு மாதச் சொச்சத்தில் அத்தனை ஏற்பாடும் ஆக வேண்டும். கல்யாணத்துக்கே ஆறு மாதம் முன்னால் சத்திரம் பேசி வைக்கிற ஊர் நம்முடையது! இருந்தாலும் செய்து காட்டிவிட்டார்கள். வேஷ்டி சட்டை அணிந்த 'தம்பி' என்ற குதிரை ஊரெங்கும் நின்று வரவேற்றது. சென்னை நேப்பியர் பாலம் கறுப்பு வெள்ளைக் கட்டம் போட்டுக்கொண்டது.

அது கிடக்கட்டும். நான் சொல்ல வந்தது குதிரையைப் பற்றி அல்ல, வம்சங்களைப் பற்றி.

மாமல்லபுரம் என்றதும் பல்லவ வம்சம் நினைவுக்கு வராமல் இருக்குமா? கல்கியின் 'சிவகாமியின் சபத'த்தைப் படித்தவர்களுக்கு மகேந்திர பல்லவரையும், அவர் மகன் வாதாபி வரை போய்க் கணக்குத் தீர்த்ததையும் விரித்துச் சொல்ல வேண்டியதில்லை. தகப்பன் விட்ட இடத்தில் பிள்ளை தொடங்குவதுதானே வம்சம்? அமெரிக்கர்கள் விளையாட்டிலும் இந்த வார்த்தையையே உபயோகிக்கிறார்கள். அவர்கள் 'ஃபுட்பால்' என்று சொல்வது நம் கால்பந்து அல்ல. முட்டை வடிவப் பந்தைக் கட்டிப் பிடித்துக்கொண்டு ஒருவர் மேல் ஒருவர் விழும் ஆட்டம். அதில் கிரீன் பே என்ற சின்ன ஊரின் 'பாக்கர்ஸ்' கோஷ்டி, வின்ஸ் லொம்பார்டி என்ற கண்டிப்பான பயிற்சியாளரின் கையில், 1961 முதல் 1967 வரை ஏழு வருஷங்களில் ஐந்து தடவை சாம்பியன் ஆயிற்று. பிற்காலத்தில் நியூ இங்கிலாந்து கோஷ்டி, டாம் பிரேடி என்ற ஆட்டக்காரரை வைத்துக்கொண்டு ஆறு முறை வென்றது. இப்படித் திரும்பத் திரும்ப ஜயிக்கும் கோஷ்டியை அவர்கள் 'வம்சம்' என்பார்கள். வேடிக்கை என்னவென்றால், வம்சங்கள் நீடிக்கக் கூடாது என்று சட்டமும் அவர்களே போட்டிருக்கிறார்கள். இந்த வருஷம் கடைசி ஸ்தானத்தில் வந்த கோஷ்டிக்குத்தான், அடுத்த வருஷம் காலேஜிலிருந்து வரும் புதுப் பையன்களில் முதல் ஆளைப் பொறுக்கிக்கொள்ளும் உரிமை!

சதுரங்க ஒலிம்பியாடில் இந்தத் தர்மமெல்லாம் கிடையாது. ஒவ்வொரு கோஷ்டிக்கும் நாலு பலகை. நாலு பேர் ஆட, ஒருவர் மாற்று ஆள். பலம் உள்ளவன் எத்தனை வருஷம் வேண்டுமானாலும் சிம்மாசனத்தில் உட்காரலாம். உட்கார்ந்தார்கள் ரஷ்யர்கள்!

1927-ல் லண்டனில் முதல் ஒலிம்பியாட் நடந்தபோது ஹங்கேரி ஜயித்தது; அடுத்த வருஷமும் ஹங்கேரிதான். 1930-களில் அமெரிக்கா நாலு தடவை. சோவியத் யூனியன் 1952-ல் ஹெல்சிங்கியில்தான் முதன்முதலாகக் களத்தில் இறங்கிற்று. அவ்வளவுதான், அதிலிருந்து 1974 வரை தொடர்ச்சியாகப் பன்னிரண்டு தங்கம். 1976-ல் போகவில்லை. 1978-ல் ஹங்கேரி ஒரு தடவை மூக்கறுத்தது. பிறகு மறுபடி ஆறு. அப்பப்பா! அந்தக் கோஷ்டியின் உறுதிக்கு ஒரு சான்று சொல்கிறேன்: பெட்ரோஸியன் ஒலிம்பியாடுகளில் மொத்தம் 129 ஆட்டங்கள் ஆடினார். தோற்றது ஒன்றே ஒன்று. அதுவும் கடிகாரம் விழுந்ததால்.

இந்த ராட்சதர்கள் ஆண்ட காலத்தில் நாம் எங்கே இருந்தோம்? 1956-ல் மாஸ்கோவில்தான் இந்தியா முதலில் கலந்துகொண்டது. 1960-ல் லைப்ஸிக்கில், சென்னையின் மானுவல் ஆரோன் முன்னாள் உலக சாம்பியன் யூவேயைத் தோற்கடித்தார். மறு வருஷம் சர்வதேச மாஸ்டர் பட்டம் பெற்ற முதல் இந்தியர் ஆனார். அதைவிடப் பெரிய காரியம் ஒன்றை அவர் 1972-ல் செய்தார் என்பது என் அபிப்பிராயம். சென்னையில் இருந்த சோவியத் கலாசார நிலையத்தில், மிக்கைல் டால் பெயரில் ஒரு சதுரங்க சங்கம் அவர் முயற்சியால் தோன்றியது. அங்கே வந்து மளமளவென்று காய்களை நகர்த்திய சிறுவர்களில் ஒருவர்தான் விஸ்வநாதன் ஆனந்த். 1988-ல் நம் நாட்டின் முதல் கிராண்ட் மாஸ்டர். பின்னால் உலக சாம்பியன். ஆக, ரஷ்ய வம்சத்தின் விதை ஒன்று சென்னையிலும் விழுந்து முளைத்துவிட்டது!

1991-ல் சோவியத் யூனியன் சிதறியது. ரஷ்யா மட்டும் தனியாக நின்றும் 2002 வரை ஆறு தங்கம் வாங்கிற்று. அப்புறம் சரிவு. மாமல்லபுரத்துக்கு அது வரவேயில்லை, தடை. இரண்டு முறை ஜயித்திருந்த சீனாவும் வரவில்லை. இனி அமெரிக்காவைத் தடுப்பார் யார் என்றுதான் எல்லோரும் பேசிக்கொண்டார்கள். கருவானா, வெஸ்லி ஸோ, இவர்களோடு லெவான் ஆரோனியன். ஆர்மீனியாவுக்கு மூன்று தங்கம் வாங்கிக் கொடுத்துவிட்டு அமெரிக்காவுக்கு மாறியவர். காகிதத்தில் பார்த்தால் அசைக்க முடியாத கோஷ்டி.

காகிதம் காகிதம்தான். அமெரிக்காவுக்கு ஐந்தாவது இடம். ஆரோனியன் விட்டுப் போன ஆர்மீனியாவுக்கு வெள்ளி! இன்னொரு விசித்திரம்: அப்போது உலக சாம்பியனாக இருந்த கார்ல்ஸன் நார்வேக்காக ஆடினார். தன் பலகையில் பதக்கமும் வாங்கினார். ஆனால் மூன்றாவது ஸ்தானத்துக்குரியது என்று மதிப்பிடப்பட்ட நார்வே, கடைசியில் 59-வதாக வந்தது. ராஜா ஒருவர் மட்டும் பலமாக இருந்தால் போதாது என்பதைச் சதுரங்கம் தெரிந்தவர்களுக்குச் சொல்ல வேண்டுமா?

பந்தயத்தை நடத்தும் நாடு என்பதால் இந்தியாவுக்கு ஒன்றுக்கு மேற்பட்ட கோஷ்டிகள். முதல் கோஷ்டியில் அனுபவசாலிகள். இரண்டாவதில் குகேஷ், நிகால் சரின், பிரக்ஞானந்தா, ரௌனக் சத்வானி, ஆதிபன். ஆதிபன் ஒருவர்தான் முப்பதை நெருங்கியவர்; மற்றவர்களுக்கு ஓட்டுப் போடும் வயசே இப்போதுதான், அல்லது இன்னும் இல்லை. இவர்களில் பலர் ஆனந்திடம் வழிகாட்டல் பெற்றவர்கள். பயிற்சியாளர் சென்னை ஆர்.பி. ரமேஷ். இந்தப் பிள்ளைகள் எட்டாவது சுற்றில் அமெரிக்காவை 3-1 என்று அடித்தார்கள். முதல் பலகையில் கருவானாவை வீழ்த்திய குகேஷுக்கு அது தொடர்ச்சியாக எட்டாவது வெற்றி. பதினாறு வயசு!

பத்தாவது சுற்றில் எதிரே வந்தது உஸ்பெகிஸ்தான். அவர்களும் பிள்ளைகள்தான். முதல் பலகையில் அப்துஸத்தோரோவ். பதினேழு வயசு, ஏழெட்டு மாதம் முன்புதான் அதிவேகச் சதுரங்கத்தில் உலக சாம்பியன் ஆனவர். குகேஷ் அவரை நன்றாகவே நெருக்கினார். ஜயம் கண்ணுக்குத் தெரிந்தது. பிரக்ஞானந்தா தம் பலகையில் ஜயித்தார். மற்ற மூன்று பலகைகளிலும் சேர்த்து நமக்கு இரண்டு புள்ளி. குகேஷ் டிரா செய்தாலே போதும், ஆட்டம் நம்முடையது.

நேரம் குறைந்தது. கைக்கு எட்டிய வெற்றி மெல்ல நழுவிற்று. அப்புறமும் குகேஷ் ஜயிக்கத்தான் பார்த்தார். ஒரு பிசகான நகர்த்தல், எல்லாம் முடிந்தது. தலையைக் கையில் தாங்கிக்கொண்டு அந்தப் பையன் உட்கார்ந்திருந்த காட்சியைப் படத்தில் பார்த்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். மோதல் 2-2. மறுநாள் உஸ்பெகிஸ்தான் நெதர்லாந்தையும் வென்று தங்கத்தை எடுத்துக்கொண்டது. நம் இளைஞர்களுக்கு வெண்கலம். முதல் பலகைக்கான தனிப் பதக்கம், தங்கம், குகேஷுக்கே கிடைத்தது. அந்த நேரத்தில் அது என்ன ஆறுதல்!

பெண்கள் பக்கத்தில் இதைவிட வயிற்றெரிச்சல். ஹம்பி, ஹரிகா, சென்னை வைஷாலி, தானியா, பக்தி ஆகியோர் கொண்ட நம் முதல் கோஷ்டி, கடைசிச் சுற்றுக்கு முன்னால் தனியாக முன்னணியில் நின்றது. ஹரிகா நிறைமாத கர்ப்பிணி; டாக்டரின் கண்காணிப்பில் வந்து ஆடினார். கடைசி நாளில் அமெரிக்கா நம்மை 3-1 என்று தோற்கடிக்க, தங்கம் உக்ரேனுக்கும் வெள்ளி ஜார்ஜியாவுக்கும் போயின. ஊரில் குண்டு விழுந்துகொண்டிருக்க, இங்கே வந்து ஜயித்த அந்தப் பெண்களின் மேல் யாருக்குத்தான் பொறாமை வரும்?

இப்போது பட்டியலைக் கொஞ்சம் உற்றுப் பாருங்கள். உஸ்பெகிஸ்தான், ஆர்மீனியா, உக்ரேன், ஜார்ஜியா. தங்கமும் வெள்ளியும் பெற்ற நாலு தேசங்களும் பழைய சோவியத் யூனியனின் துண்டுகள்! சக்கரவர்த்தி போனபின் பங்காளிகள் சொத்தைப் பிரித்துக்கொண்ட மாதிரி. இரண்டு வெண்கலங்களும் கிடைத்த நமக்கும், டால் சங்கத்தின் வழியாக, தூரத்து உறவு உண்டு. உஸ்பெகிஸ்தானின் முதல் பெரிய வீரரான காசிம்ஜானோவ், ஆனந்தின் உலக சாம்பியன் போட்டிகளில் பக்கத்தில் இருந்து உதவியவர் என்றால், உறவு அவ்வளவு தூரம்கூட இல்லை.

இரண்டு வருஷம் கழித்து, 2024 செப்டம்பரில் புடாபெஸ்டில் அடுத்த ஒலிம்பியாட். குகேஷ், பிரக்ஞானந்தா, அர்ஜுன் எரிகைசி, விதித், ஹரிகிருஷ்ணா. பூஞ்சேரியில் வெவ்வேறு கோஷ்டிகளில் இருந்தவர்கள் இப்போது ஒரே கோஷ்டியில். பதினோரு சுற்றுக்களில் பத்தில் வெற்றி. 22-க்கு 21 புள்ளி. அமெரிக்காவுடன் மோதியபோது குகேஷ் கருவானாவை மறுபடியும் ஜயித்தார். இந்தியாவுக்குத் தங்கம். அதே நாளில் ஹரிகா, வைஷாலி, தானியா, திவ்யா, வந்திகா ஆகிய பெண்களுக்கும் தங்கம். அந்த வருஷம் டிசம்பர் மாதம் சிங்கப்பூரில், பதினெட்டே வயதான குகேஷ் உலக சாம்பியனும் ஆனார்.

அது சரி, 22-க்கு 21 என்றேனே, அந்த ஒரு புள்ளி எங்கே போயிற்று? ஒன்பதாவது சுற்றில் ஒரே ஒரு கோஷ்டிதான் நம்மை 2-2 என்று நிறுத்தியது. வேறு யார், உஸ்பெகிஸ்தான்தான்! இந்தத் தடவை வெண்கலம் அவர்களுக்கு.