விழித்திருக்கையில் ஒரு மூளைச் சத்திரசிகிச்சை

இணுவில் என்றால் தவில். விரலை நம்பிப் பிழைக்கும் அந்த ஊர்க்காரருக்குக் கை நடுக்கம் எவ்வளவு பெரிய இடி என்று சொல்லவே வேண்டாம்.

பார்கின்சன் நோயில், டோபமைன் சுரக்கும் மூளைக் கலங்கள் அழிகின்றன. கை நடுங்கும், உடல் இறுகும், நடை தளரும். இதற்குத் தரும் மாத்திரையின் பலன் ஏறி இறங்கத் தொடங்கியதும் சிலருக்குக் கைகொடுப்பது ஆழ்மூளைத் தூண்டல். 1987இல் பிரான்சின் கிரெனோபிள் நகரில் வைத்தியர் பெனபிட் நடுக்கத்துக்கு இந்த வழியைக் காட்டினார். மூளைக்குள் மெல்லிய மின்வாய், காறை எலும்பின் கீழே தோலுக்கடியில் பற்றரி.

இந்தச் சத்திரசிகிச்சையின்போது பெரும்பாலும் நோயாளி விழித்தே இருப்பார். கையை நீட்டச் சொல்லி மின்னளவைக் கூட்டிக் குறைப்பார்கள். மேசையிலேயே நடுக்கம் அடங்குவதும் உண்டு!

நோய் மாறிவிடாது. மாத்திரையும் முற்றாக நிற்காது. இந்தச் சிகிச்சை திருவனந்தபுரம் ஸ்ரீ சித்திரைத் திருநாள் நிறுவனத்தில் உண்டு. மாத்திரைக்குச் சற்றும் இசையாத உடலுக்கு இதனாலும் அதிக பலன் இராது. முதலில் நரம்பியல் வைத்தியரிடம் கேளுங்கள்.