கால்சட்டை பறிகொடுத்த லெப்டினன்ட்

பனி மூடிய மலையில் உள்ளாடையோடு நிற்கிறான் ஒரு ராணுவ லெப்டினன்ட். கொள்ளைக்கூட்டம் வழிமறித்துச் சீருடையை உருவிக்கொண்டுவிட்டது. எர்ன்ஸ்ட் லுபிட்ச் 1921-இல் ஜெர்மனியில் எடுத்த 'காட்டுப்பூனை' என்ற ஊமைப்படத்தில் வரும் காட்சி இது.

அதற்குக் கொஞ்சம் முன்னால்தான் அந்த லெப்டினன்ட் அலெக்சிஸை ஊரே திரண்டு வழியனுப்பியிருந்தது. தெரு கொள்ளாத பெண்கள் கூட்டம். எல்லார் கையிலும் கைக்குட்டை. கலைக்க வேறு வழியில்லாமல் எலிகளை அவிழ்த்துவிடுகிறார்கள். இன்னொரு பக்கம் சிறுமிகள் பட்டாளம் ஒன்று 'அப்பா'வுக்குக் கையசைக்கிறது. அத்தனை மவுசும் அந்த உடுப்புக்குத்தான். லுபிட்ச் தையல்காரர் மகன். துணி ஓர் ஆளை எவ்வளவு தூரம் உயர்த்தும் என்பது வீட்டிலேயே பார்த்து வளர்ந்த விஷயம் அவருக்கு.

1919-இல் வந்த 'சிப்பி இளவரசி'யிலும் இதே கண்தான். அதில் வரும் இளவரசன் பரம ஏழை. பெண் கொடுக்கத் தரகர் வந்ததும், இருக்கிற தட்டுமுட்டுச் சாமானை அடுக்கி, மேலே நாற்காலி போட்டு, அதையே சிம்மாசனமாக்கி உட்கார்ந்துகொள்கிறான். ஜெர்மன் பேரரசர் முடியிழந்து நெதர்லாந்துக்கு ஓடி ஓராண்டுகூட ஆகாத நேரம் அது!

'காட்டுப்பூனை'யில் லுபிட்ச் இன்னும் துணிந்துவிட்டார். கொள்ளையரை ஒழிக்கப் புறப்பட்ட படை தோற்றுத் திரும்புகிறது; கோட்டையிலோ வெற்றி விழா. எர்ன்ஸ்ட் ஸ்டெர்ன் வடிவமைத்த அந்தக் கோட்டை, சுருள் சுருளாய், தின்பண்டம்போல் இருக்கிறது. திரைச் சட்டகமும் சும்மா இருப்பதில்லை: வளைகிறது, பல் பல்லாய் வெட்டுப்படுகிறது. கொள்ளைக்காரன் மகளாக வரும் போலா நெக்ரி, கனவில் காதலன் எடுத்துக் கொடுக்கும் இதயத்தைக் கடித்துத் தின்கிறாள்.

படம் படுதோல்வி. முதல் உலகப் போர் முடிந்த கையோடு ராணுவத்தைக் கேலி செய்யும் படத்தை ஏற்கும் மனநிலை ஜெர்மானியருக்கு இல்லை என்று, தாம் இறந்த 1947-இல் எழுதிய கடிதத்தில் லுபிட்ச் குறிப்பிட்டார். பிள்ளையைப் போருக்குக் கொடுத்த வீடுகளால் சிரிக்க முடியாமல் போனதைக் குற்றம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனாலும் தம் மற்ற பல படங்களைவிட இதில் கற்பனை அதிகம் என்றே அவர் கடைசிவரை நம்பினார். நானும் அவர் கட்சிதான்.

1922-இல் அமெரிக்கா போனவரின் ஜெர்மன் குடியுரிமையை 1935-இல் நாஜிகள் பறித்தார்கள். 1942-இல், பேசும்படக் காலத்தில், அவர் மறுபடியும் சீருடையைக் கையில் எடுத்தார். 'டு பி ஆர் நாட் டு பி'யில் ஹிட்லர் வேடம் போட்ட நாடக நடிகர் ஒருவர் பறக்கும் விமானத்துக்குள் நின்று, குதியுங்கள் என்கிறார். விமானிகள் இருவரும் பாராசூட்கூட இல்லாமல் அப்படியே குதித்துவிடுகிறார்கள்.